எந்தத் தெருவைத் தவிர்க்கிறோம்: நகரத்தில் நடப்பதை எழுதியவர்கள்

தஸ்தயேவ்ஸ்கியின் ‘குற்றமும் தண்டனையும்’ 1866இல் வந்த நாவல். அதில் ரஸ்கோல்னிகோவ் குடியிருக்கும் வீட்டு வாசலிலிருந்து அடகுக்காரக் கிழவியின் வீடு வரை சரியாக 730 அடிகள். என்றோ ஒருநாள் பகல் கனவில் மிதந்தபடி நடந்தபோது அவனே எண்ணி வைத்தது. ஜூலை மாதத் தொடக்கம், தாங்க முடியாத வெக்கை. பீட்டர்ஸ்பர்க் தெருக்களில் சுண்ணாம்பும் தூசியும் நாற்றமும். வாடகை பாக்கி இருப்பதால் வீட்டுக்காரி கண்ணில் பட்டுவிடாமல் படியிறங்கி வந்திருக்கிறான். வண்டியில் போகும் ஒரு குடிகாரன் இவன் தலையில் இருக்கும் தொப்பியைப் பார்த்து ஏதோ கத்துகிறான். உடனே கை தொப்பிக்குப் போகிறது. இவ்வளவு எடுப்பாகத் தெரியும் தொப்பியைப் போட்டுக்கொண்டா இந்தக் காரியத்துக்குக் கிளம்புவது என்று பயம் பிடித்துக்கொள்கிறது.

என்ன காரியம் என்று நமக்கு இன்னும் சொல்லவில்லை. ஆனாலும் ஒரு வீட்டுக்குப் போகும் வழியை இப்படி எண்ணி வைத்திருப்பவன் நல்ல நிலையில் இல்லை என்பது புரிந்துவிடுகிறது. அவன் மனதில் அந்தக் காரியம் பல தடவை நடந்து முடிந்துவிட்டது. 730 என்ற எண்ணுக்குள் அத்தனையும் அடங்கியிருக்கிறது.

நகரத்தில் நடப்பதைப் பற்றி எழுதியவர்களைப் பல ஆண்டுகளாக வாசித்துவருகிறேன். அவர்களில் நல்லவர்கள் எல்லோரிடமும் இந்தப் பழக்கத்தைப் பார்த்திருக்கிறேன். துக்கம், ஏக்கம், அவமானம், கொண்டாட்டம் என்று பெயர் சொல்லி எழுதுவது குறைவு. நடப்பவர் எங்கே திரும்பினார், எந்த மூலையில் நின்றார், எந்தத் தெருவுக்குள் போகாமல் சுற்றிக்கொண்டு போனார் என்று எழுதுவார்கள். மனசு வழியில் தெரிந்துவிடும்.

காட்டில் நடப்பதையும் மலையில் நடப்பதையும் எழுதியவர்கள் நிறையப் பேர். நகரம் வேறு மாதிரி. இங்கே நாம் பார்ப்பதோடு நம்மையும் பார்க்கிறார்கள். ஒரு நாளில் நூற்றுக்கணக்கான முகங்கள் கைக்கெட்டும் தூரத்தில் கடந்து போகின்றன, ஒன்றுகூடத் தெரிந்த முகமாக இருப்பதில்லை. மனித வரலாற்றில் இது புதிய அனுபவம். 19ஆம் நூற்றாண்டில் லண்டனும் பாரிஸும் பெருத்தபோதுதான் எழுத்தாளர்கள் இதைத் தனியாகக் கவனிக்க ஆரம்பித்தார்கள்.

தாமஸ் டி குவின்சி 1821இல் எழுதிய அபின் பழக்கம் பற்றிய தன்வரலாற்றில் ஒரு பகுதி உண்டு. பதின்வயதில் பள்ளியைவிட்டு ஓடிவந்து லண்டனில் பட்டினி கிடந்த நாட்கள். ஆன் என்ற பெண் அவருக்குத் துணையாகிறாள். தெருவில் உடலை விற்றுப் பிழைப்பவள், அவரைவிடச் சிறியவள். இருவரும் ஆக்ஸ்ஃபோர்ட் தெருவில் இரவிரவாக நடக்கிறார்கள். ஒருநாள் அவர் பசியில் மயங்கிச் சரிந்தபோது, தன்னிடம் இருந்த கொஞ்சக் காசில் மது வாங்கிவந்து குடிக்கவைத்துக் காப்பாற்றுகிறாள். பிறகு ஒரு வேலையாக அவர் வெளியூர் போக வேண்டியிருக்கிறது. ஐந்தாம் நாளிலிருந்து தினமும் மாலை 6 மணிக்கு கிரேட் டிச்ஃபீல்ட் தெருவின் கோடியில் காத்திருக்கிறேன் என்கிறாள் அவள். அவர் திரும்பி வந்து தினமும் அங்கே போய் நிற்கிறார். அவள் வரவே இல்லை. அவளுடைய முழுப்பெயரைக் கேட்டு வைத்துக்கொள்ளத் தோன்றவில்லை என்பது அப்போதுதான் உறைக்கிறது. அப்புறம் பல ஆண்டுகள், லண்டனுக்கு வரும்போதெல்லாம், எத்தனையோ ஆயிரம் பெண்களின் முகத்தை அவள் முகமாக இருக்காதா என்று பார்த்தபடி நடக்கிறார். ஒருவேளை அவளும் அதே நேரத்தில் தன்னைத் தேடிக்கொண்டிருந்திருக்கலாம், சில அடி தூரத்தில்கூட இருந்திருக்கலாம் என்று எழுதுகிறார்.

கிராமத்தில் ஒருவர் இப்படித் தொலைய முடியாது. யாரையாவது கேட்டால் சொல்லிவிடுவார்கள். கூட்டம் இருந்தால்தான் இந்தத் துக்கமே உண்டு. நகரத்து நடையின் முதல் பெரிய உணர்ச்சி இதுதான் என்று எனக்குத் தோன்றுகிறது: பக்கத்திலேயே இருந்தும் கண்டுபிடிக்க முடியாமை.

பிரெஞ்சுக் கவிஞர் பொதலேர் இதையே எதிர்ப்பக்கமாகத் திருப்பினார். 1860இல் வெளியான அவருடைய 14 வரிக் கவிதை ஒன்றில், காது செவிடாகும்படி இரையும் தெருவில் துக்க உடை அணிந்த ஒரு பெண் கடந்து போகிறாள். ஒரு மின்னல், பிறகு இருட்டு. அவளுடன் பழகியதில்லை, இனிப் பார்க்கப்போவதும் இல்லை. டி குவின்சி தெரிந்தவளைக் கூட்டத்தில் தொலைத்தார். பொதலேர் தெரியாதவளைத் தொலைத்துவிட்டு அதே அளவு தவிக்கிறார். அவர் டி குவின்சியை ஆழ்ந்து படித்தவர். 1860இல் வந்த அவருடைய புத்தகம் ஒன்றின் பாதி, டி குவின்சியின் அந்தத் தன்வரலாற்றைச் சுருக்கியும் மொழிபெயர்த்தும் எழுதியதுதான்.

பொதலேர் பெயரை எடுத்தால் கூடவே ‘ஃபிளானர்’ என்ற பிரெஞ்சுச் சொல்லும் வந்துவிடும். வேலை எதுவும் இல்லாமல், கூட்டத்தை வேடிக்கை பார்த்துக்கொண்டு தெருத்தெருவாக உலாவும் ஆண். வால்டர் பெஞ்சமின் 1927இல் தொடங்கி 1940இல் இறக்கும் வரை பாரிஸின் கூரை போட்ட கடைத்தெருக்களைப் பற்றிக் குறிப்புகள் சேர்த்தார். அந்தக் குறிப்புகள் வழியாகத்தான் இந்த உருவம் உலகம் முழுக்கப் பரவியது. இதைப் பற்றி எழுதியவர்கள் ஏராளம் என்பதால் இங்கே அதிகம் நிற்கவில்லை. ஒன்றை மட்டும் சொல்கிறேன். உலாவுபவரின் சட்டைப் பையில் காசும், முகத்தில் யாரும் கேள்வி கேட்க மாட்டார்கள் என்ற நம்பிக்கையும் இருக்கிறது. இவை இரண்டும் இல்லாதவர்களின் நடையைத் தேடிப் படித்தபோதுதான் இந்தப் பொருள் எனக்கு உண்மையிலேயே திறந்தது.

சார்ல்ஸ் டிக்கன்ஸுக்குக் காசும் புகழும் இருந்தன, தூக்கம் இல்லை. 1860இல் தன் வார இதழில் எழுதிய இரவு நடை பற்றிய கட்டுரையில், மனதை ஏதோ அரித்ததால் தூக்கம் வராமல் தொடர்ந்து சில இரவுகள் விடிய விடிய லண்டனில் நடந்ததைச் சொல்கிறார். மார்ச் மாதம், ஈரமும் குளிரும். தன்னை ‘நான்’ என்று சொல்வதைப் பாதி வழியில் விட்டுவிட்டு ‘வீடின்மை’ என்று பெயர் வைத்துக்கொள்கிறார். வீடின்மை அந்தப் பாலத்தைக் கடந்தது, வீடின்மை இந்த மணியோசையைக் கேட்டது என்று போகிறது கட்டுரை. பாலத்தில் சுங்கம் வாங்குபவரிடம் ‘குட் நைட்’ சொல்ல ஒரு சாக்கு கிடைக்கிறதே என்பதற்காகவே அரைப் பென்னி கொடுப்பது தகும் என்கிறார். தனிமையைப் பற்றி எத்தனை பக்கம் எழுதினாலும் அந்த அரைப் பென்னி சொல்வதைச் சொல்லிவிட முடியாது.

அந்தக் கட்டுரையில் என்னை விடாத காட்சி ஒன்று உண்டு. புனித மார்ட்டின் தேவாலயத்தின் மணி மூன்று அடிக்கிறது. படிக்கட்டில் அவர் காலடியில் ஏதோ எழுந்து நிற்கிறது. இருபது வயதிருக்கும் ஓர் இளைஞன், மேலே கந்தல் மட்டும். இருவரும் ஒருவரை ஒருவர் பார்த்து நடுங்குகிறார்கள். காசு கொடுக்க நினைத்த டிக்கன்ஸ், அவன் ஓடிவிடாமல் இருக்கத் தோளில் கை வைக்கிறார். அவன் நெளிந்து தன் உடையிலிருந்தே உருவிக்கொண்டு ஓடிவிடுகிறான். கந்தல் மட்டும் டிக்கன்ஸின் கையில் மிஞ்சுகிறது.

அதுவரை ‘வீடின்மை’ என்று தன்னையே அழைத்துக்கொண்டு வந்தவர், வீடு இல்லாத ஒருவனை நேரில் தொட்ட மறுகணம் வெறுங்கந்தலோடு நிற்கிறார். வீடு இருப்பவர் இரவில் நடப்பதற்கும் இல்லாதவர் நடப்பதற்கும் உள்ள தூரத்தை அந்தக் கந்தல் காட்டிவிடுகிறது. டிக்கன்ஸ் இதற்கு விளக்கம் எதுவும் எழுதவில்லை. அடுத்து சந்தையை நோக்கி நடந்துவிடுகிறார்.

வர்ஜீனியா வுல்ஃபுக்கு வருகிறேன். நகரத்து நடையைப் பற்றி ஒரே ஒரு கட்டுரை படிக்க நேரம் இருப்பவருக்கு அவர் 1927இல் எழுதிய தெரு உலா பற்றிய கட்டுரையைத்தான் சொல்வேன். பென்சில் வாங்க வேண்டும் என்று சாக்குச் சொல்லிக்கொண்டு குளிர்காலச் சாயங்காலத்தில் வீட்டைவிட்டு இறங்குகிறார். வீட்டில் இருக்கும் பொருள்கள் ஒவ்வொன்றும் நாம் யார் என்று நினைவுபடுத்திக்கொண்டே இருக்கின்றன. கதவைச் சாத்தியதும் அவை நம்மைச் சுற்றிக் கட்டிய ஓடு உடைந்து, உள்ளே இருந்த சிப்பி மாதிரி வெறும் பார்வை மட்டும் மிஞ்சுகிறது என்கிறார். சரி, இது விடுதலை. ஆனால் கட்டுரை அங்கே நிற்கவில்லை.

காலணிக் கடைக்குள் இயல்பான உயரமுள்ள இரு பெண்கள் துணைவர, மிகக் குள்ளமான ஒரு பெண் வருகிறாள். முகத்தில் மன்னிப்புக் கேட்பது போன்ற ஒரு பாவனை. ஆனால் அவள் நீட்டும் பாதம் அழகாக, முழு வளர்ச்சியுடன் இருக்கிறது. ஒவ்வொரு ஜோடியாகப் போட்டுப் பார்க்கிறாள், கண்ணாடி முன் நடந்து பார்க்கிறாள். அந்தச் சில நிமிடங்கள் அவள் பாதங்களாக மட்டுமே இருக்கிறாள், மகிழ்ச்சியாக இருக்கிறாள். தெருவுக்கு வந்ததும் அந்த ஒளி மங்கிவிடுகிறது. பின்னாலேயே வெளியே வரும் வுல்ஃபுக்குத் தெரு மாறிப்போய்விட்டது. இப்போது கண்ணில் படுபவர்கள் எல்லாம் பார்வையற்றவர்கள், கூன் விழுந்தவர்கள், நொந்தவர்கள். சற்று முன்பும் அவர்கள் அங்கேதான் இருந்திருப்பார்கள். பார்க்கும் மனசு மாறியதும் பார்வையில் படுவதும் மாறிவிட்டது. நடையில் ஓர் உணர்ச்சி எப்படி இன்னொன்றாகப் புரள்கிறது என்பதை இவ்வளவு நேர்மையாகக் காட்டிய பக்கங்கள் குறைவு. கடைசியில் வீடு திரும்புகிறார். நகரத்தின் செல்வங்களிலிருந்து கையில் வந்து சேர்ந்தது ஒரு பென்சில்.

இரண்டு வருடம் முன்னால், 1925இல் வந்த ‘மிஸஸ் டாலோவே’ நாவலில் இதை இன்னும் தீவிரமாகச் செய்திருக்கிறார். 1923 ஜூன் மாதத்துக் காலை. போர் முடிந்துவிட்டது. விருந்துக்குப் பூ வாங்கப் போகிறாள் கிளாரிசா. பாண்ட் தெருவில் ஒரு காரிலிருந்து வெடிச் சத்தம் கேட்கிறது. பூக்கடையில் நிற்கும் அவள் ஒரு நொடி திடுக்கிடுகிறாள், பிறகு காருக்குள் யார், அரசியா, பிரதமரா என்று எல்லோரும் எட்டிப் பார்க்கிறார்கள். போரிலிருந்து திரும்பிய செப்டிமஸ் அதே நடைபாதையில் நிற்கிறான். அவனுக்கு உலகமே சாட்டையை ஓங்கிவிட்டது போல இருக்கிறது. ஒரே தெருவில் ஒரே சத்தம் கேட்கிறது. ஒருத்திக்கு வேடிக்கையாக முடிவது இன்னொருவனைக் கொல்லத் தொடங்குகிறது.

இங்கே நம் மொழியில் இருக்கும் ஒரு பழைய இணையைச் சொல்லாமல் போக முடியவில்லை. சிலப்பதிகாரத்தின் மதுரைக் காண்டத்தில் ஒரே நகரத்தில் இரண்டு நடைகள் வருகின்றன. முதலாவது ஊர்காண் காதை. கண்ணகியைக் கவுந்தியடிகளிடம் விட்டுவிட்டுக் கோவலன் நகருக்குள் போகிறான். மணிகள் விற்கும் தெரு, பொன் விற்கும் தெரு, துணி விற்கும் தெரு, தானியம் விற்கும் தெரு என்று ஒவ்வொன்றாகப் பார்க்கிறான். ‘மகிழ்வெய்தி’த் திரும்பினான் என்று அந்தக் காதை முடிகிறது. இத்தனைக்கும் முந்தைய காதையில், அவர்கள் மதிலை நெருங்கும்போதே, கோட்டைக் கொடிகள் ‘வாரல்’ என்று கைகாட்டித் தடுப்பது போல அசைந்தன என்று இளங்கோ எழுதிவிட்டார். நகரம் வராதே என்கிறது, நடப்பவனுக்குக் கேட்கவில்லை. அவனுடைய மகிழ்ச்சியைப் படிக்கும் நமக்குத்தான் வயிறு கலங்குகிறது.

ஐந்து காதைகள் தள்ளி வருவது ஊர்சூழ் வரி. இப்போது கண்ணகி நடக்கிறாள். மிச்சமிருக்கும் ஒற்றைச் சிலம்பைக் கையில் ஏந்தி, அதே நகரத்தின் பெண்களைக் கூப்பிட்டு நியாயம் கேட்டபடி போகிறாள். கடைத்தெருக்களின் வருணனை ஒன்றுகூட இல்லை. பொன்னும் மணியும் துணியும் எங்கே போயின? அவளுக்கு அவை தெரியவில்லை, ஆகவே பாட்டிலும் இல்லை. கணவனின் உடலைக் கண்டபின் அவள் கேட்கும் பெண்டிரும் உண்டுகொல், சான்றோரும் உண்டுகொல், தெய்வமும் உண்டுகொல் என்ற கேள்விகள்தான் அந்த நகரத்தின் வருணனை. கோவலன் ஊரைக் ‘காண’ப் போனான், கண்ணகி ஊரைச் ‘சூழ’ வந்தாள். தலைப்பிலேயே வித்தியாசம் இருக்கிறது. எழுதுபவர் எதைப் பார்க்காமல் விட்டார் என்பதும் உணர்ச்சியைச் சொல்லும் வழி என்று எனக்குக் கற்றுக்கொடுத்தவை இந்த இரண்டு காதைகள்.

யார் நடக்கலாம் என்ற கேள்வி இங்கேயே எழுந்துவிடுகிறது. ஜார்ஜ் சாண் என்ற ஆண் பெயரில் எழுதிய பிரெஞ்சுப் பெண் எழுத்தாளர் 1831இல் பாரிஸ் வந்தபோது, பெண்களின் மெல்லிய காலணிகள் நடைபாதையில் இரண்டே நாளில் கிழிந்தன, நீண்ட பாவாடை சேற்றில் புரண்டது. ஆண்களின் கோட்டும் கால்சட்டையும் தைத்துப் போட்டுக்கொண்டார். இரும்பு லாடம் அடித்த பூட்ஸைப் பற்றி அவர் எழுதும்போது வரும் சந்தோஷம் இன்றைக்கும் படிப்பவரைத் தொற்றிக்கொள்ளும். அவற்றைக் கழற்றாமல் தூங்கவும் தயாராக இருந்தாராம். பாரிஸின் ஒரு முனையிலிருந்து மறுமுனைக்குப் பறந்தேன் என்கிறார். யாரும் அவரைக் கவனிக்கவில்லை, யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. பொதலேருக்குப் பிறப்பிலேயே கிடைத்த ஒன்றை அவர் தையற்காரரிடம் போய் வாங்க வேண்டியிருந்தது.

ஜீன் ரீஸின் ‘குட் மார்னிங், மிட்நைட்’ நாவலில் (1939) வரும் சாஷாவுக்கு நல்ல கோட்டும் தொப்பியும் இருந்தாலும் அந்தச் சந்தோஷம் இல்லை. பழைய துக்கங்களோடு பாரிஸுக்குத் திரும்பி வந்திருக்கிறாள். எந்த நேரத்தில் எந்தக் கடையில் சாப்பிடுவது, எந்தத் தெரு வழியாகத் திரும்புவது என்று ஒவ்வொரு நாளையும் முன்கூட்டியே வகுத்துக்கொள்கிறாள். எந்தெந்தக் கடைகளில் தன்னை விரும்புகிறார்கள், எந்தெந்தத் தெருக்கள் தன்னோடு நட்பாக இருக்கின்றன என்று அவளிடம் ஒரு கணக்கு இருக்கிறது. திட்டம் ஒரே ஒரு இடத்தில் தவறினாலும் பொது இடத்தில் உடைந்து அழுதுவிடுவாள்.

கார்னெட் கடோகன் என்ற ஜமைக்கா எழுத்தாளரின் கட்டுரையில் இந்தக் கணக்கு உயிர்ப் பிரச்சினையாகிவிடுகிறது. வீட்டில் மாற்றாந் தகப்பனின் அடிக்குப் பயந்து, சிறுவனாக இருக்கும்போதே கிங்ஸ்டன் தெருக்களில் இரவில் நடந்து பழகியவர். ஆபத்தான தெருக்கள்தான், ஆனாலும் அவருக்கு வீட்டைவிட அவை பரவாயில்லை. 1996இல் படிப்பதற்காக அமெரிக்காவின் நியூ ஆர்லியன்ஸுக்குப் போகிறார். அங்கே குற்றங்கள் அதிகம், கவனமாக இரு என்று எச்சரிக்கிறார்கள். போன பிறகுதான் தெரிகிறது, அங்கே பலருக்குத் தானே ஆபத்தாகத் தெரிகிறோம் என்று. கறுப்பர் என்பதால் போலீஸ் நிறுத்துகிறது. கொஞ்சம் கொஞ்சமாக விதிகள் சேர்கின்றன. ஓடக் கூடாது. திடீரென்று அசையக் கூடாது. தலையை மூடும் மேலாடை கூடாது. கையில் பளபளப்பான பொருள் கூடாது. தெருமுனையில் நண்பருக்காகக் காத்து நிற்கக் கூடாது.

அந்தக் கட்டுரையில் இருப்பதிலேயே சின்ன விஷயம் ஒன்றுதான் எனக்கு மிகவும் வலித்தது. வீட்டில் ஏதோ மறந்து வைத்துவிட்டது பாதி வழியில் நினைவுக்கு வருகிறது. யாராக இருந்தாலும் அந்த இடத்திலேயே திரும்பி நடப்பார்கள். பின்னால் யாராவது வந்துகொண்டிருந்தால் அவர் திரும்ப மாட்டார். சட்டென்று திரும்பினால் அவர்கள் பயந்துவிடலாம். மறதியைக்கூட மறைத்துக்கொண்டு நடக்க வேண்டும். சோம்பல் இல்லாமல், யோசனை இல்லாமல், ஒவ்வோர் அடியும் கணக்குப் பார்த்து எடுத்து வைத்தபின், கால் போன போக்கில் நடப்பது என்பதற்கு என்ன அர்த்தம் மிஞ்சும்?

தவிர்ப்பதைப் பற்றி இன்னொரு காட்சி. ஜேம்ஸ் ஜாய்ஸின் ‘யுலிஸிஸ்’ (1922) நாவலில், 1904 ஜூன் 16 அன்று டப்ளினில் நடந்துகொண்டே இருக்கும் லியோபோல்ட் புளூமுக்குத் தெரியும், சாயங்காலம் 4 மணிக்குத் தன் வீட்டுக்கு ஒருவன் வரப்போகிறான், தன் மனைவியைப் பார்க்க. அதை அவர் நினைக்காமல் இருக்கப் பார்க்கிறார். மத்தியானம் தெருவில் வெயிலில் ஒரு வைக்கோல் தொப்பி, பழுப்பு ஷூ. அவனேதான். புளூம் சட்டென்று வலப்பக்கம் திரும்பி அருங்காட்சியக வாசலை நோக்கி வேகமாக நடக்கிறார். எதையோ தேடுபவர் போல ஒவ்வொரு பையிலும் கையை விடுகிறார். கைக்குட்டை, செய்தித்தாள், காலையில் வாங்கிய சோப்பு. வாசலைத் தொட்டதும் தப்பித்தாகிவிட்டது. அவமானம் என்ற சொல் அங்கே இல்லை. பையில் சோப்பைத் தேடும் கை இருக்கிறது. அவமானப்பட வேண்டியவன் எதிரே வருகிறான், ஒதுங்குவதோ இவர். அந்தப் பத்தியை முதல்முறை படித்தபோது எனக்கு மூச்சு முட்டியது.

ஓரான் பாமுக் இதை வரைபடமாகவே ஆக்கியிருக்கிறார். 2008இல் வந்த ‘தி மியூசியம் ஆஃப் இன்னொசென்ஸ்’ நாவலில், காதலியைப் பிரிந்த கெமால், இஸ்தான்புல்லில் தன் பகுதியின் தெருக்களுக்கு மனதில் வண்ணம் பூசுகிறான். அவளை மிகவும் நினைவூட்டும் தெருக்கள் சிவப்பு, அங்கே போகவே கூடாது. மற்றவை ஆபத்துக்குத் தக்கபடி வேறு வண்ணங்கள். பிறந்து வளர்ந்த பகுதியில் அவனே விதித்துக்கொண்ட தடை. இந்தப் பக்கத்தைப் படித்துவிட்டுப் புத்தகத்தை மூடி வைத்துவிட்டேன். அப்பா இறந்தபின் ஒரு வருடத்துக்கும் மேலாக, அவர் கடைசியாக இருந்த மருத்துவமனைத் தெருவைத் தவிர்த்துச் சுற்றிப் போய்க்கொண்டிருந்தேன். பாமுக்கைப் படிக்கும் வரை அதைச் செய்கிறேன் என்பதே எனக்குத் தெரியாது. போக்குவரத்து நெரிசல் என்று எனக்கே காரணம் சொல்லிக்கொண்டிருந்தேன்.

மொழி எப்படி நடக்கிறது என்பதையும் சொல்லியாக வேண்டும். வுல்ஃபின் வாக்கியங்கள் அரைப்புள்ளி அரைப்புள்ளியாக நீண்டு, நின்று, எதையோ பார்த்து, மறுபடி நகரும். தமிழில் எழுதுபவர்களுக்கு இதற்கு இயல்பான ஒரு கருவி இருக்கிறது, நாம் அதைப் பெரிதாக எண்ணுவதில்லை. வினையெச்சத்தைச் சொல்கிறேன். திரும்பி, நின்று, எட்டிப் பார்த்து, தயங்கி, தாண்டி என்று அடிமேல் அடியாக வாக்கியம் போய்க்கொண்டே இருக்கலாம், வினைமுற்று வரும்வரை அது எங்கேயும் போய்ச் சேர்ந்தாக வேண்டியதில்லை. எங்கே முற்று வைப்பது என்பதுதான் எழுதுபவரின் கையில் இருக்கிறது. வீடு தெரியாமல் அலைபவனைப் பற்றி எழுதும்போது முற்றைத் தள்ளிப்போட்டுப் பாருங்கள், துரத்தப்படுபவனுக்குச் சின்னச் சின்ன முற்றுகளாக வைத்துப் பாருங்கள். வேறு விவரணையே தேவைப்படாது.

நடப்பதை வானளாவப் புகழ்பவர்களிடம் மட்டும் எனக்குக் கொஞ்சம் தயக்கம் உண்டு. பிரெஞ்சுச் சிந்தனையாளர் கீ தெபோர் 1956இல் வெளியிட்ட கட்டுரை ஒன்றில், பாரிஸ் நகரைப் பற்றிய ஒரு சமூகவியல் ஆய்விலிருந்து ஒரு படத்தை எடுத்துக் காட்டுகிறார். ஒரு மாணவி ஒரு வருடத்தில் போய்வந்த வழிகளையெல்லாம் கோடாகப் போட்டால், பெரும்பாலும் ஒரு சின்ன முக்கோணம்தான் வருகிறது. கல்லூரி, வீடு, பியானோ ஆசிரியர் வீடு. ஒரு வாழ்க்கை இவ்வளவு குறுகிப்போக முடியுமா என்று தெபோருக்குக் கோபம் வருகிறது. பழகிய வழிகளை விட்டு இலக்கில்லாமல் அலைய வேண்டும் என்கிறார், தானும் நண்பர்களும் அப்படி அலைந்ததை ஒரு முறையாகவே வகுத்தார். அவருடைய கோபம் எனக்குப் புரிகிறது. ஆனால் அந்த முக்கோணத்தைப் பார்த்துக் கோபப்பட எனக்கு மனசு வரவில்லை. அந்த மாணவி பியானோ வகுப்புக்குப் போகும் வழியில் என்ன நினைத்தாள் என்று யாரும் அவளைக் கேட்கவில்லை. தினமும் நடக்கும் ஒரே தெருவில்தான் ஒரு வீட்டுச் சுவரின் நிறம் மாறினால்கூடத் தெரியும். தஸ்தயேவ்ஸ்கியின் ‘வெண்ணிற இரவுகள்’ கதையின் கனவுக்காரன், தனக்குப் பிடித்த வீட்டுக்கு மஞ்சள் அடித்துவிட்டார்களே என்று துடித்துப்போவது அப்படி அதே தெருவில் நடந்து பழகியதால்தான்.

அலைவது தன்னளவில் விடுதலை ஆகிவிடாது என்பதை டபிள்யூ. ஜி. செபால்ட் 1990இல் வந்த தன் முதல் உரைநடைப் புத்தகத்தில் காட்டினார். அதில் வரும் ‘நான்’, மனம் சரியில்லாத ஒரு காலத்தில் வியன்னாவுக்குப் போய், தினமும் காலையில் கிளம்பி இலக்கின்றி நடக்கிறார். பல நாட்கள் கழித்து வரைபடத்தைப் பார்த்தால், பிறை வடிவமான ஒரு சிறு பகுதியைத் தாண்டி ஒருமுறைகூடப் போகவில்லை. யாரும் தடுக்கவில்லை, காலே திரும்பியிருக்கிறது.

டேஜு கோலின் ‘ஓப்பன் சிட்டி’ (2011) இன்னும் கடுமையானது. ஜூலியஸ் என்ற மனநல மருத்துவர், பணி முடிந்த மாலைகளில் நியூயார்க்கில் நடக்கிறார். பறவைகளின் வலசை, அடிமைகளைப் புதைத்த மறந்துபோன இடுகாடு, அகதிகளின் கதைகள் என்று எல்லாவற்றையும் நுட்பமாகக் கவனிக்கிறார். நாமும் அவருடனேயே நடக்கிறோம், அவரை நம்புகிறோம். நாவலின் கடைசிப் பகுதியில், சிறுவயதில் தெரிந்த ஒரு பெண், பதின்வயதில் நீ என்னை வன்புணர்ந்தாய் என்று அவரிடம் சொல்கிறாள். ஏதாவது சொல் என்கிறாள். அவர் எதுவும் சொல்வதில்லை. கதை வேறு விஷயத்துக்கு நகர்ந்துவிடுகிறது. அதன்பிறகு முதல் பக்கத்திலிருந்து திரும்ப வாசித்தால், ஒரு நகரம் முழுக்கப் புதைந்து கிடக்கும் துயரங்களைத் தேடித் தேடிப் போனவர், ஒரே ஓர் இடத்தை மட்டும் 200 பக்கங்களுக்கும் மேலாகச் சுற்றிக்கொண்டு போயிருக்கிறார் என்பது தெரியும்.

ஜார்ஜ் பெரெக் அப்படிச் சுற்றிக்கொண்டு போகவில்லை. 1969இல் அவர் ஒரு திட்டம் போட்டார். பாரிஸில் தன் வாழ்க்கையோடு தொடர்புள்ள 12 இடங்கள். ஒவ்வொன்றையும் வருடத்துக்கு இரண்டு தடவை எழுத வேண்டும், ஒன்று அங்கேயே போய்ப் பார்த்து, இன்னொன்று வேறிடத்தில் உட்கார்ந்து நினைவிலிருந்து. எழுதியதை உறையில் போட்டு முத்திரை வைத்துவிட வேண்டும். 12 வருடத்தில் 288 உறைகள்.

அந்த 12 இடங்களில் ஒன்று விலான் தெரு. பெரெக் பிறந்தபின் முதல் சில ஆண்டுகள் இருந்த தெரு. அவருடைய அம்மா அங்கே பெண்களுக்கான சிகை அலங்காரக் கடை வைத்திருந்தார். அப்பா 1940இல் போரில் இறந்தார். யூதரான அம்மாவை 1943இல் அவுஷ்விட்ஸுக்குக் கொண்டுபோனார்கள். அப்போது பெரெக்குக்கு ஆறு வயது.

1969 பிப்ரவரியில் ஒரு மாலை அந்தத் தெருவுக்குப் போகிறார். வீட்டு எண் வரிசைப்படி எழுதிக்கொண்டே நடக்கிறார். எந்தக் கடை திறந்திருக்கிறது, எது மூடியிருக்கிறது, எந்த ஜன்னலை அடைத்துவிட்டார்கள், எந்தச் சுவரொட்டி கிழிந்திருக்கிறது. எண் 24 வருகிறது. அடைப்புக்குறிக்குள் ‘இது நான் வாழ்ந்த வீடு’ என்று எழுதுகிறார். முத்திரை வைத்து மூடிய ஒரு கதவு, சுற்றிலும் பழைய பெயின்ட் தடயம், அதற்கு மேலே இன்னும் முழுக்க அழியாத எழுத்து: ‘பெண்களுக்கான சிகை அலங்காரம்’. அடுத்த வரியில் அடுத்த எண்ணுக்குப் போய்விடுகிறார்.

அம்மா என்ற சொல் அந்தக் குறிப்பில் இல்லை. வருடா வருடம் திரும்ப வருகிறார். ஒவ்வொரு தடவையும் இன்னும் சில வீடுகளைப் பூட்டியிருக்கிறார்கள், சில வீடுகளை இடித்துவிட்டார்கள். தெருவையே எடுத்துவிடப் போகிறார்கள். 1975 செப்டம்பரில், நள்ளிரவு தாண்டிய ஒரு நேரத்தில், கடைசியாக வருகிறார். ஒற்றைப்படை எண் வரிசை கிட்டத்தட்ட முழுவதும் சிமென்ட் தடுப்புகள். குறிப்பு சில வரிகளோடு நின்றுவிடுகிறது. அந்த ஆண்டோடு 12 இடங்களின் திட்டத்தையும் விட்டுவிட்டார்.